கதைப் பக்கம்

கொடிகாமம் சந்தைக்கு எதிரே
கைபேசி திருத்தும் கஜீபன்
என் உடைந்த திரைக்குக் காசு வாங்கவில்லை.
மேசைக்கடியிலிருந்து ஒரு புத்தகம் எடுத்தான்.
'டீச்சர், இதில நான் இருக்கிறன்.
இருநூற்றுப் பதினோராம் பக்கம்.
பார்சலில வந்தது, கடிதம் ஒண்டும் இல்லை.
என்ன எழுதியிருக்கெண்டு தமிழில தாங்கோ.'

அவுஸ்திரேலிய எழுத்தாளர் பத்தொன்பது பேர்.
முன்பாதி சிறுகதை, பின்பாதி கட்டுரை.
நடுவில் ஒரு வெற்றுத் தாள்,
இரண்டு காணிக்கு இடையில் கதியால் போட்டதுபோல.

அவன் பக்கம் மட்டும் போதாதென்று
ஆவணி முழுக்க
முதல் கதையிலிருந்தே எழுதினேன்.

ஆறு வந்த இடமெல்லாம் பேனா நின்றது.
எங்களிடம் ஆறு ஏது?
மாரியில் ஓடிப் பங்குனியில் செத்துப்போகிற ஒன்றை
அவர்கள் ஒரு சின்னச் சொல்லால் கூப்பிடுகிறார்கள்;
நான் மூன்று சொல் வைத்து மூன்றையும் வெட்டினேன்.
யூக்கலிப்டஸ் எனக்குத் தடிமனுக்குப் பூசும் போத்தல்.
அங்கே அது மரம்,
மலை மலையாய் நின்று எரிகிறது,
எரிந்த பிறகுதான் விதை வெடிக்கிறதாம்.
வடலிகளைப் பற்றி ஏதோ ஓரத்தில் பென்சிலால் குறித்தேன்,
பிறகு அழித்தேன்.
விறாந்தை மட்டும் உடனே வந்தது.
அவர்களுக்கும் அதே சொல்.
எந்தக் கப்பல்காரன் இரண்டு கரையிலும் இறக்கினானோ.

ஒரு கதையில், மழை பொய்த்த நான்காம் வருடம்,
ஒருவன் தன் ஆடுகளை நிறுத்தி வைத்துச் சுடுகிறான்.
சுட்டுவிட்டுத் தேத்தண்ணி வைக்கிறான்.
அவ்வளவுதான் கதை.
அன்று நான் மேலே எழுதவில்லை.

இருநூற்றுப் பதினொன்று:
புதன்கிழமைகளில் தடுப்புமுகாமுக்குப் போய்வந்த
ஒரு பெண்ணின் கட்டுரை.
அவன் பெயர் அதில் 'ஜி', ஓரெழுத்து.
சீனியில்லாத தேநீரைக் குடிக்கும்போது
உள்ளங்கையில் இல்லாத பனங்கட்டியை
நறுக்கென்று கடித்துக் காட்டுவானாம்.
பதினாறு நாள் கடல். மூன்று வருடம் கம்பிவலை.
பிறகு ஒரு புதன், கதிரை வெறுமை.
கட்டுரை அங்கே முடிகிறது.
அவன் முடியவில்லை:
கட்டுநாயக்கா, நீர்கொழும்பு நீதிமன்றம், பிணை,
கடன், இந்தப் பெட்டிக்கடை.

ஆளில்லாத மத்தியானம் வாசித்துக் காட்டினேன்.
பனங்கட்டிக்குச் சிரித்தான்.
'ஜி அழுதான்' என்ற இடத்தில் கையால் மறித்தான்.
'நான் அழேல்லை.
ஏசிக்கு நேர கீழ இருத்தினவங்கள்,
கண்ணெரிஞ்சு தண்ணி வந்தது.
அதை எடுத்துவிடுங்கோ.'
எடுக்க ஏலாது, இது கட்டுரை, நடந்தது, என்றேன்.
'அப்ப அந்த வசனத்தைக் கதைப் பக்கம் போடுங்கோ.'

ஆட்டுக் கதையையும் கேட்டான்.
முகாம் மாற்றிய நாள், பஸ் கண்ணாடிக்குள்ளால் கண்டவனாம்:
எங்கட போலச் செம்மண், அதில வெள்ளை வெள்ளையாய்,
எழும்பாமல்.
'அதைக் கதையெண்டு ஆர் சொன்னது?
இஞ்சால கொண்டுவாங்கோ.'

வீட்டுக்கு வந்து மூலத்தைத் திருப்பினேன்.
அவள் அப்படி எழுதவில்லை.
'அவன் கண்ணில் தண்ணீர் நின்றது,
நான் மேசையைப் பார்த்தேன்.'
அவ்வளவுதான்.
அழுதான் என்றது நான்.
படகில் போனவன் அழத்தான் வேண்டுமென்று
யாருக்கோ வாக்குக் கொடுத்தவள் மாதிரி.

வெட்டினேன். தண்ணீரை நிற்க விட்டேன்.

மறுநாள் தாள்களை வாங்கி
லாச்சிக்குள் வைத்துப் பூட்டினான், வாசிக்காமலே.
'அந்த மனுசி இப்ப எப்பிடி இருக்கிறாவாம்?'
கடைசிப் பக்கத்தில் அவளைப் பற்றி ஒரு வரி இருந்தது:
கடலோரம், இரண்டு நாய்களோடு வசிக்கிறார்.
'நாய்களின்ர பேர் போட்டிருக்கோ?'
இல்லை என்றேன்.
'ம்' என்றுவிட்டு
யாருடையதோ ஒரு கைபேசியின்
முதுகைக் கழற்றத் தொடங்கினான்.